சுக்கினி விட்ட தண்ணீர்

கரூரில் ஒரு குரு இருந்தார். காவி கட்டாத குரு. சுடிதாருக்கு மேல் ஒரு பழைய துண்டை இடுப்பில் செருகிக்கொண்டு, அடுப்படி மேடைக்கு அந்தப் பக்கம் நிற்பார். எதைக் கேட்டாலும் வாயால் பதில் சொல்கிற பழக்கம் அவருக்குக் குறைவு.

பெயர் சுகந்தி. நாற்பது ஆகவில்லை. கணவருக்குத் துண்டு, படுக்கைவிரிப்பு ஏற்றுமதி செய்யும் வேலை. அதனால் துருக்கியில் டெனிஸ்லி என்கிற தறி ஊரில் பல வருஷம் குடியிருந்தார்கள். திரும்பி வந்ததும் சுகந்தி வீட்டிலேயே சமையல் வகுப்பு எடுக்க ஆரம்பித்தார். ரொட்டி சுடக் கற்றுக்கொள்ள வந்த பெண்கள், மாமியார் சங்கதி, மகன் சங்கதி என்று கூடவே ஒரு கேள்வியையும் தூக்கிக்கொண்டு வந்தார்கள். சுகந்தி மாவைப் பிசைந்தோ, பிசைந்ததை மூடி வைத்தோ எதையாவது காட்டுவார். கேட்டவர் வாயடைத்துப்போய் வீடு திரும்புவார்.

அப்படித்தான் குரு என்ற பெயர் வந்தது. முதலில் கேலியாகத்தான் சொன்னார்கள். நாளாக நாளாகக் கேலி போய்விட்டது, பெயர் நின்றுவிட்டது.

சீடரின் பெயர் நாச்சிமுத்து. அறுபதைத் தாண்டியவர். பஸ்ஸுக்கு பாடி கட்டும் பட்டறை நடத்தி ஓய்ந்தவர். ஓய்ந்தவர் என்று ஒரு பேச்சுக்குத்தான் சொல்கிறேன். நாற்காலியில் உட்கார்ந்தால் அவருக்கு முழங்கால் ஆடும். எழுந்து நின்றால் விரலில் கார் சாவி சுற்றும். ஆறுவதற்கு முன்னால் டீயைக் குடித்து நாக்கைச் சுட்டுக்கொள்வார். சுட்டதற்கு டீக்கடைக்காரரைத் திட்டுவார்.

ஒரு திங்கட்கிழமை காலையில் அவர் சுகந்தி வீட்டு அழைப்பு மணியை அழுத்தினார். உள்ளே காலடிச் சத்தம் கேட்டது. கேட்டும் இன்னொரு தடவை அழுத்தினார்.

"அம்மிணி, துருக்கி வடை ஒண்ணு இருக்குதாமே. முஜ்வெரோ என்னமோ பேரு. அதைச் சொல்லிக்குடுங்க. ஞாயித்துக்கெழமைக்குள்ள வேணும்."

"யாருக்குங்க ஐயா?"

"என்ற சம்சாரத்துக்கு."

சங்கதி இதுதான். நாச்சிமுத்துவின் மனைவி மயிலாத்தாள் மகளைப் பார்க்கப் போயிருந்தார். மகளும் மருமகனும் இருப்பது அதே டெனிஸ்லியில். பேத்தியோடு கொஞ்ச நாள் இருந்துவிட்டு வருகிறேன் என்று போனவர், இன்று நாளை என்று கடத்திக்கொண்டே இருந்தார். ஒருவழியாக வருகிற ஞாயிற்றுக்கிழமை கோயம்புத்தூரில் வந்து இறங்குகிறார்.

ஆனால் கரூருக்கு வரவில்லை. ஏர்போர்ட்டிலிருந்து நேரே காங்கேயத்துக்கு, தம்பி வீட்டுக்குப் போகிறாராம். தம்பியின் கார் வருகிறதாம். எத்தனை நாளைக்கு என்று தெரியாது. இதையும் மயிலாத்தாள் சொல்லவில்லை. மகள் வாய்தவறிச் சொல்லிவிட்டாள்.

அதே மகள்தான் இன்னொன்றும் சொன்னாள். "அம்மாவுக்கு இங்க முஜ்வெர்னா உயிருங்கப்பா. பக்கத்து வீட்டம்மா சுட்டா, தட்டோட அங்கயே உக்காந்துக்கறாங்க."

நாச்சிமுத்து அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். ஏர்போர்ட்டில் மச்சானுடைய காருக்கு முன்னால் தன் கார் நிற்க வேண்டும். கையில் டப்பா இருக்க வேண்டும். மயிலாத்தாள் ஒரு வடையைக் கடித்துவிட்டுத் தன் காரில் ஏற வேண்டும். திட்டம் இவ்வளவுதான். இது பலிக்காவிட்டால் என்ன செய்வது என்று அவருக்குத் தெரியவில்லை. வாழ்க்கையில் முதல் தடவையாக அவருக்குப் பயமாக இருந்தது.

எல்லாவற்றையும் வாசலில் நின்றபடியே சொல்லி முடித்துவிட்டார். சுகந்தி அவரை உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்தார். முழங்கால் ஆட ஆரம்பித்தது.

"அவங்களுக்கு என்னுங்க கோவம்?"

"அதா, அது ஒண்ணுமில்லீங்க. சின்ன விசயம்."

"அதைப் பத்தி அவங்ககிட்டப் பேசினீங்களா?"

"தெனமும் போன்ல பேசறமுங்க. சாப்பிட்டயா, மாத்தர போட்டயான்னு."

"நான் கேட்டது அதில்லீங்க."

"அது வரட்டுமுங்க. வந்தப்பறம் பேசிக்கலாம். அதுக்கென்ன அவசரம்?"

சுகந்தி சிரித்துவிட்டார். வகுப்பு நேரத்தில் குரு சிரித்து யாரும் பார்த்ததில்லை. எதற்குச் சிரிக்கிறார் என்று நாச்சிமுத்துவுக்கு விளங்கவில்லை. மேற்கொண்டு யோசிக்க அவருக்கு நேரமும் இல்லை.

"நீங்களே சொல்லுங்க அம்மிணி. பத்துப் பேருக்குப் புத்தி சொல்றவங்க நீங்க. அவ என்ற காருல ஏறுவாளா, மாட்டாளா?"

சுகந்தி கூடையிலிருந்து ஒரு காயை எடுத்து அவர் கையில் கொடுத்தார். "இதைத் துருவுங்க."

அது சுக்கினி. பார்வைக்கு வெள்ளரிக்காய்க்குப் பங்காளி மாதிரி இருக்கும். ஊட்டிப் பக்கம் விளைந்து சூப்பர் மார்க்கெட்டுக்கு வருகிற காய். நாச்சிமுத்து தன் வாழ்நாளில் எதையும் துருவியதில்லை. தகரம் வெட்டுகிற வேகத்தில் துருவினார். காயோடு விரல் முட்டியும் கொஞ்சம் போயிற்று.

"ஆச்சுங்க. அப்பறம்?"

"ஒரு கரண்டி உப்பைத் தூவிப் பெரட்டுங்க."

பிரட்டினார். "அப்பறம்?"

"அப்பறம் ஒண்ணுமில்லீங்க. உக்காருங்க."

"எவ்வளவு நேரம்?"

"அது தண்ணி விடற வரைக்கும்."

நாச்சிமுத்து உட்கார்ந்தார். எழுந்து வந்து கிண்ணத்தைப் பார்த்தார். ஒன்றும் நடக்கவில்லை. ஜன்னலுக்குப் போய்த் தெருவில் நிற்கும் தன் காரைப் பார்த்தார். அதுவும் அங்கேயேதான் நின்றது. திரும்பி வந்து கிண்ணத்தைச் சாய்த்துப் பார்த்தார். போனை எடுத்தார், பையில் போட்டார். கடைசியில் பொறுக்க மாட்டாமல் துருவலை அள்ளி ஒரு பிழி பிழிந்தார். நாலு சொட்டு விழுந்தது.

"விட்டாச்சுங்க தண்ணி."

சுகந்தி மறுக்கவில்லை. ஒரு முட்டை, கொஞ்சம் மைதா, வெங்காயத்தாள், சதகுப்பைக் கீரை, உப்புத்தண்ணீரில் ஊறிய பனீர், மிளகு என்று ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுத்தார். கல்லில் எண்ணெய் ஊற்றி, கரண்டி கரண்டியாக வைத்துத் தட்டிவிடச் சொன்னார். "ஓரம் செவந்தப்பறம் திருப்புங்க."

ஓரம் சிவப்பதற்கு நாச்சிமுத்து இடம் கொடுக்கவில்லை. வைத்த கையோடு திருப்பினார். எண்ணெய் படபடவென்று தெறித்தது. வடை இரண்டாகி, நாலாகி, கடைசியில் கல் முழுக்க ஒரே கூழாகிவிட்டது.

"கல்லு சரியில்லீங்க," என்றார் நாச்சிமுத்து. "எண்ணெயும் சரியில்ல. இந்தக் காயே சரியில்லீங்க அம்மிணி."

சுகந்தி அந்தக் கூழை ஒரு தட்டில் வழித்து எடுத்து, ஸ்பூன் போட்டுச் சாப்பிட்டார். முழுவதையும் சாப்பிட்டார்.

மறுநாள் நாச்சிமுத்து வரவில்லை. சூப்பர் மார்க்கெட்டில் இருந்த சுக்கினியை எல்லாம் வாங்கிக்கொண்டு போய்த் தன் வீட்டு அடுப்படியில் புகுந்துவிட்டார். கல்யாணம் ஆன நாளிலிருந்து தண்ணீர் குடிக்க மட்டும் அவர் அந்த அடுப்படிக்குள் போயிருக்கிறார். எந்த டப்பாவில் என்ன இருக்கிறது என்று தெரியாது. சர்க்கரை என்று உப்பையும் உப்பு என்று சர்க்கரையும் எடுத்தார். நாலு நாளைக்குப் போதுமான பாத்திரங்களை ஒரே வேளையில் அழுக்காக்கினார்.

வியாழக்கிழமை ஒரு டிபன் டப்பாவோடு சுகந்தி வீட்டு மணியை அழுத்தினார். முகம் பூராவும் வெற்றி.

"கண்டுபிடிச்சுட்டனுங்க அம்மிணி. உங்க முறை நமக்குச் சரிப்பட்டு வராது. தண்ணியப் பிழிஞ்சுக்கிட்டு யாரு உக்காந்திருக்கறது? தண்ணி கூடுனா மாவைப் போட்டுட்டாப் போச்சு. கொஞ்சம் கடலமாவு. அப்பவும் எளகுச்சு, அரிசிமாவு. அப்பவும் எளகுச்சு, ரெண்டு கை ரவை. இப்பப் பாருங்க, கல்லாட்டம் நிக்குது."

உண்மையிலேயே கல்லாட்டம்தான் இருந்தது. நாச்சிமுத்து ஒன்றை எடுத்து மேடையில் தட்டிக் காண்பித்தார். சுகந்தி அதைப் பிட்டு வாயில் போட்டார். மென்றார். மெல்ல நேரம் எடுத்தது. அந்த நேரத்தில்கூட நாச்சிமுத்துவால் சும்மா இருக்க முடியவில்லை.

"வடை மட்டுமில்லீங்க. ஊட்டுக்கே பெயிண்ட் அடிக்க ஆளு விட்டுட்டன். அடுப்படிக்குப் பொகை இழுக்கற மிசின் மாட்டியாச்சு. அவ ஆசைப்பட்ட மாதிரி ரெட்ட வடச் சங்கிலி எடுத்து வெச்சிருக்கறன். என்ற அக்காவ விட்டு அவகிட்ட ரெண்டு தடவ பேசச் சொன்னன். மச்சானுக்கும் ஆளுவெச்சுச் சொல்லியாச்சு. இதுக்கு மேல ஒரு மனுசன் என்ன பண்ண முடியுமுங்க?"

சுகந்தி விழுங்கிவிட்டுத் தண்ணீர் குடித்தார்.

"மாவு நல்லா இருக்குதுங்க ஐயா," என்றார். "காய் எங்கீங்க?"

நாச்சிமுத்து டப்பாவைப் பார்த்தார். ஒரு வடையைத் தானும் கடித்துப் பார்த்தார். அவருடைய அக்கா மழைக்காலத்தில் போடுகிற பக்கோடா மாதிரி இருந்தது. காய் இருந்த சுவடே தெரியவில்லை. டப்பாவை மூடினார். காரை எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போனார். பெயிண்ட் அடிப்பவர்களிடம் காரணமில்லாமல் சண்டை போட்டார்.

சனிக்கிழமை காலையில் ஒரு கூடை சுக்கினியோடு மறுபடி வந்து நின்றார். இந்தத் தடவை மணியை ஒரு தடவைதான் அழுத்தினார்.

"நாளைக்கு வர்றாளுங்க," என்றார். "நீங்க சொல்ற மாதிரியே பண்றன்."

துருவினார். முட்டி தப்பியது. உப்புத் தூவிப் பிரட்டினார். கைகளை அக்குளில் இடுக்கிக்கொண்டு உட்கார்ந்தார். கை அடங்கியது, கால் அடங்கவில்லை. பட்டறையிலும் இப்படித்தான். தகரத்தில் பள்ளம் அடைக்கப் பூசிய பட்டி காய்ந்த பிறகுதான் பெயிண்ட் அடிக்க வேண்டும் என்று ஆட்களுக்கு ஆயிரம் தடவை சொல்வார். சொல்லிவிட்டு அவரே போய் விரலால் பட்டியை அழுத்திப் பார்த்துப் பள்ளம் பண்ணிவிட்டு வருவார்.

சும்மா உட்கார்ந்திருந்தால் பேசத் தோன்றும். அவர் பேசினார்.

"கொலதெய்வக் கோயில்ல கெடாவிருந்துங்க. சொந்தக்காரங்க அத்தன பேரும் இருந்தாங்க. எலை போடறதுக்கு முன்னால, பட்டறைய வித்துப்போடலாமான்னு பேச்சு வந்துச்சு. இவ குறுக்க வந்து, 'விக்க வேண்டாமுங்க, வாடகைக்கு விடலாம்'னா."

"அப்பறமுங்க?"

"நான் சும்மா ஒரு வார்த்த சொன்னன்."

"என்ன வார்த்தைங்க?"

நாச்சிமுத்து கிண்ணத்தைப் பார்த்தார். கேட்ட கேள்விக்குக் கிண்ணம் பதில் சொல்லட்டும் என்று விட்டுவிட்டவர் போலக் கொஞ்ச நேரம் இருந்தார்.

"'அடுப்படியத் தவர உனக்கு என்ன தெரியும்? போயிச் சோத்தப் பாரு'ன்னு."

"அங்க இருந்தவங்க?"

"சிரிச்சாங்க."

"நீங்க?"

"நானுந்தான்."

"அவங்க?"

"அழுதா. அவளுக்கென்ன, தொட்டதுக்கெல்லாம் அழுவா. கண்ணுல எந்நேரமும் தண்ணியவே வெச்சிருப்பா. கண்ணாலத்தன்னைக்கே அழுதவதானுங்க. ஆம்பளைங்க நாலு பேரு முன்னால நாலு வார்த்த பேசறதுதான். அதையெல்லாம் மனசுல வெச்சுக்கிட்டு கடல் தாண்டிப் போயி உக்காந்துக்கறதா?"

சுகந்தி கிண்ணத்தை அவர் பக்கம் தள்ளினார்.

நாச்சிமுத்து எட்டிப் பார்த்தார். அடியில் தண்ணீர் தேங்கி நின்றது. தானாக, யாரும் கை வைக்காமல், அத்தனை தண்ணீர். துருவல் துவண்டு சுருங்கிக் கிடந்தது.

"வெள்ளைத் துணியில போட்டு இப்பப் பிழியுங்க," என்றார் சுகந்தி. "உங்க பலம் பூரா காட்டுங்க."

பலம் காட்டுவது நாச்சிமுத்துவுக்குத் தெரிந்த வேலை. துணியை முறுக்கினார். தாடை இறுகியது. பச்சைத் தண்ணீர் ஒழுகியது. ஒரு டம்ளர் நிறைந்தது. முறுக்க முறுக்க இன்னும் வந்தது. கடைசியில் துணிக்குள் ஓர் உருண்டைதான் மிஞ்சியது.

"யப்பா. இத்தனயும் உள்ளயா இருந்துச்சு?"

"கலந்த ஒடனே சுட்டுறோணும் ஐயா. கலந்து வெச்சுட்டு நிக்கக்கூடாது."

நாச்சிமுத்து தலையை ஆட்டினார். முட்டையை உடைத்தார், மாவைத் தூவினார், கீரையும் வெங்காயத்தாளும் பனீரும் போட்டுக் கலந்தார். கலவை கையில் அழகாக நின்றது. சுகந்தி கல்லை அடுப்பில் வைத்து எண்ணெய் ஊற்றினார். அந்த நேரம் பார்த்து நாச்சிமுத்துவின் போன் அடித்தது. டிரைவர்.

"இரு, இரு," என்று போனோடு வாசலுக்குப் போனார். காரைக் கழுவியாயிற்றா, பின் சீட்டுக்கு வெள்ளைத் துண்டு விரித்தாயிற்றா, விடியக்காலம் எத்தனை மணிக்குக் கிளம்ப வேண்டும், மச்சான் கார் காங்கேயத்திலிருந்து எப்போது கிளம்பும், அவர்களுக்கு முன்னால் போய் எந்த இடத்தில் நிறுத்த வேண்டும், எல்லாம் பேசினார். டிரைவர் சரி என்று சொன்னதையே மறுபடி கேட்டார். சுகந்தி அடுப்பைத் தணித்தார். கூப்பிடவில்லை.

திரும்பி வந்தவருக்குத் திடீரென்று ஒரு சந்தேகம். மாவு போட்டோம், முட்டை போட்டோம், இதற்கென்று உப்புப் போடவில்லையே. காயில் முதலிலேயே போட்டது மறந்துவிட்டது. பனீர் உப்பில் ஊறியதும் மறந்துவிட்டது. உப்பு டப்பாவிலிருந்து கரண்டி நிறைய எடுத்துக் கலவையில் கொட்டிக் கிளறினார். சுகந்தி பார்த்துக்கொண்டுதான் இருந்தார். நாச்சிமுத்து இன்னொரு கரண்டி எடுத்தார்.

அதற்குள் கலவை இளகத் தொடங்கிவிட்டது. ஓரத்தில் மினுமினுத்தது. நடுவில் ஒரு குழி விழுந்து அதில் தண்ணீர் ஊறியது. நாச்சிமுத்து கிண்ணத்தைச் சாய்த்தார். தண்ணீர் ஒரு பக்கமாக ஓடியது.

கையில் உப்புக் கரண்டியோடு அப்படியே நின்றார். ஒரு வாரத்து ஆத்திரம் முழுவதும் தலைக்கு ஏறியது.

"என்னுங்க காயி இது!" என்று கத்தினார். "துருவுனா அழுவுது, பிழிஞ்சா அழுவுது, கலந்து வெச்சாலும் அழுவுது! எந்நேரமும் அழுதுக்கிட்டேதான் கெடக்குமா? ஒரு மனுசன் இதை வெச்சுக்கிட்டு என்னதான் பண்றது? அவளாட்டமே இருக்குதுங்க!"

தெருவில் போன ஒருவர் ஜன்னல் பக்கம் திரும்பிப் பார்த்துவிட்டுப் போனார்.

சுகந்தி கூடையில் மிச்சமிருந்த ஒரு சுக்கினியை எடுத்தார். அதை நாச்சிமுத்துவின் இடது கையில் வைத்தார்.

"இது எங்க வாங்கினதுங்க?"

"அதே கடைதான்."

"எப்ப வாங்கினதுங்க?"

"அதே நாளுதான். ஒண்ணாத்தான் இருந்துச்சு கூடையில."

"தொட்டுப் பாருங்க. ஈரம் இருக்குதுங்களா?"

நாச்சிமுத்து காயை உருட்டிப் பார்த்தார். கட்டைவிரலால் அழுத்தினார். தோல் வழவழவென்று இருந்தது. உள்ளங்கை உலர்ந்தே இருந்தது.

"இல்லீங்க."

"இது ஏனுங்க அழுவலை?"

"அதெப்புடீங்க அழுவும்?" நாச்சிமுத்துவுக்கு எரிச்சலாக வந்தது. "இதுக்கு நான் இன்னும் உப்பே போ..."

பாதியில் நிறுத்திவிட்டார்.

ஆடிக்கொண்டிருந்த கால் நின்றது. கல்லில் எண்ணெய் மட்டும் மெல்லச் சத்தம் போட்டது. நாச்சிமுத்து இடது கையில் இருந்த காயைப் பார்த்தார். அப்புறம் கிண்ணத்தைப் பார்த்தார். கோயில் மரத்தடியும், போட்டுவைத்திருந்த இலைக்கட்டும், சிரித்த வாய்களும் அவருக்கு வரிசையாக ஞாபகம் வந்தன. தன் வாய் எவ்வளவு அகலமாகச் சிரித்தது என்பதும் ஞாபகம் வந்தது. மயிலாத்தாள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு நேரே அண்டா இருந்த பக்கம் போனார். அன்றைக்கு அத்தனை பேருக்கும் சோறு பரிமாறியது அவர்தான். தனக்கு இரண்டாம் தடவை குழம்பு ஊற்றியதும் அவர்தான். நாச்சிமுத்துவுக்கு வெட்கமாக இருந்தது. அந்த வயதில் அவ்வளவு வெட்கம் வரும் என்று அவர் நினைக்கவில்லை.

அவ்வளவு நேரம் நாச்சிமுத்து அசையாமல் நின்று அந்த ஊரில் யாரும் பார்த்திருக்க மாட்டார்கள்.

"சொல்லிர்றனுங்க அம்மிணி," என்றார் மெதுவாக. "தப்பு என்ற பேர்லதான்னு சொல்லிர்றன். நாளைக்கு எறங்கி வரட்டும். கார்ல ஏத்திக்கிட்டு வர்றப்ப, ஆற அமரச் சொல்லிர்றன்."

சுகந்தி கிண்ணத்தை எடுத்து அவர் முகத்துக்கு நேரே லேசாகச் சாய்த்தார். தண்ணீர் முன்னைவிட ஏறியிருந்தது.

நாச்சிமுத்து அதைப் பார்த்தார். காயை மேடையில் வைத்தார். இடது கையாலேயே சட்டைப் பையிலிருந்து போனை எடுத்தார். டெனிஸ்லியில் இப்போதுதான் விடிந்திருக்கும். மயிலாத்தாள் எழுந்து பேத்திக்குப் பால் காய்ச்சிக்கொண்டிருப்பார்.

மகளின் எண்ணுக்குத்தான் எப்போதும் அடிப்பார். இன்றைக்கு மனைவியின் எண்ணைத் தேடினார். அழுத்திவிட்டுக் காதில் வைத்துக்கொண்டார். மணி போனது. ஒரு தடவை, இன்னொரு தடவை. எடுக்காமல் இருந்துவிட்டால் தேவலை என்று ஒரு நிமிஷம் தோன்றியது. எடுக்காமல் போய்விடுவாளோ என்றும் அதே நிமிஷம் தோன்றியது.

அந்தப் பக்கம் எடுத்தார்கள்.

"ஏனுங்க? இந்நேரத்துல? ஒடம்புக்கு ஒண்ணுமில்லையே?"

நாச்சிமுத்து வாயைத் திறந்தார். பட்டறையில் நூறு பேரை ஒரே சத்தத்தில் அதட்டிய வாய். அதில் ஒரு வார்த்தையும் இல்லை. போனைக் கன்னத்தோடு அழுத்திக்கொண்டு, குருவைப் பார்த்தார். உதடு மட்டும் அசைந்தது.

"மொதல்ல என்னுங்க சொல்றது?"

சுகந்தி அவருடைய வலது கையைப் பார்த்தார்.

"மொதல்ல அந்த உப்புக் கரண்டியக் கீழ வைங்க."